முகாமின் கதையை யார் படமெடுப்பது?

2025-ஆம் ஆண்டு மே மாதம் முதல் தேதி வெளியாகி, ஒருவர் பார்த்து மற்றொருவருக்குச் சொல்லச் சொல்லவே கூட்டம் பெருகி வெற்றி கண்ட 'டூரிஸ்ட் ஃபேமிலி' என்னும் படத்தை நம்மில் பலர் பார்த்திருப்போம். பொருளாதார நெருக்கடி தாளாமல் இலங்கையிலிருந்து இரவோடு இரவாகப் படகேறி, இராமேசுவரத்தில் கரையிறங்கி, சென்னையில் ஒரு தெருவிலே தங்கள் பூர்வீகத்தை மறைத்துக்கொண்டு ஜீவனம் நடத்தும் ஒரு குடும்பத்தைக் கண்டு, சிரிக்க வேண்டிய இடத்தில் சிரித்து, அழ வேண்டிய இடத்தில் அழுது, தமிழர் மனம் இன்னும் ஈரம் காயவில்லை என்ற திருப்தியுடன் நாம் வீடு திரும்பினோம். அபிஷன் ஜீவிந்த் என்னும் இளைஞரின் முதற்படம் அது. அதன் குணங்களைக் குறைத்துச் சொல்வது என் நோக்கமன்று. ஆனால், அந்தப் படத்துக்குக் கண்ணீர் சிந்திய சென்னைவாசிகளில் எத்தனை பேர், தங்கள் நகரத்தின் வடக்கு வாசலிலேயே அத்தகைய குடும்பங்கள் முப்பது, நாற்பது வருஷங்களாக வாழ்ந்து வருவதை அறிவர் என்பது சந்தேகமே.

நான் வசிக்கும் சோழவரம், பழைய ஜி.என்.டி. சாலையின் மேலே இருக்கிறது. இரண்டாம் உலக யுத்த காலத்தில் விமானங்களுக்கென்று போட்ட ஓடுதளம் ஒன்று இங்கே உண்டு. யுத்தம் முடிந்தபின் அதிலேதான் பல வருஷங்கள் மோட்டார்ப் பந்தயங்கள் நடந்தன. யுத்தத்தின் மிச்சம் இவ்வாறு வேடிக்கையாக மாறியது ஒரு பக்கம் இருக்க, வேறொரு யுத்தத்தின் மிச்சம் இதே சாலையில் எங்களுக்குத் தெற்கேயும் வடக்கேயும் இருக்கிறது. தெற்கே செங்குன்றத்தைத் தாண்டிப் போனால் புழல் முகாம். வடக்கே காரனோடை, பஞ்செட்டி, கவரப்பேட்டை கடந்து போனால் கும்மிடிப்பூண்டி முகாம். பின்னது தமிழ்நாட்டின் பெரிய முகாம்களில் ஒன்று. 1983 ஜூலைக் கலவரத்துக்குப் பின் அலையலையாக வந்து சேர்ந்த மூன்று இலட்சத்துக்கும் மேற்பட்ட ஈழத்தமிழரில், திரும்பிச் சென்றோரும் வேறு தேசம் சென்றோரும் போக, 2021-இல் சட்டப்பேரவையில் அரசு தெரிவித்த கணக்குப்படி, 108 முகாம்களில் 58,822 பேர் இருந்தனர். அவர்களுள் பாட்டியாகிவிட்டவர்கள் கடலைக் கடந்து வந்தவர்கள். பேரப்பிள்ளைகளோ கடலைக் கடந்ததே இல்லை.

இந்தப் பேரப்பிள்ளைகளின் கதையை யார் படமெடுப்பது என்பதே இக்கட்டுரையின் விஷயம்.

தமிழ்ச் சினிமாவுக்கு அகதி புதியவன் அல்லன். 1952 தீபாவளிக்கு வெளிவந்து ஒரு யுகத்தைத் தொடங்கி வைத்த 'பராசக்தி'யே, ஜப்பானியர் குண்டு வீச்சினால் ரங்கூனை விட்டு வந்த தமிழ்க் குடும்பத்தின் கதைதான். பின்னாளில் 'தெனாலி'யில் ஈழத்தமிழனின் பேச்சு நமக்குச் சிரிப்பு மூட்டியது. 'நந்தா'விலும் 'இராமேஸ்வரம்' படத்திலும் முகாம் வாழ்க்கை காதல் கதையின் பின்புலமாயிற்று. 2002-இல் மணிரத்னம் எடுத்த 'கன்னத்தில் முத்தமிட்டால்', முகாமில் பிறந்து சென்னையில் தத்துப்பிள்ளையாக வளர்ந்த சிறுமி பெற்றவளைத் தேடிச் செல்வதை மனம் உருகச் சொன்னது. இவற்றில் சில உயர்ந்த படைப்புகள். ஆயினும் இவை அனைத்திலும் காமிரா நிற்கும் இடம் ஒன்றே: கரையில் நின்று, வந்திறங்குகிறவர்களைப் பார்க்கும் இடம் அது. வந்திறங்கினவர்களின் பிள்ளைகள் நம்மைத் திரும்பிப் பார்த்தால் நாம் எப்படித் தோன்றுவோம் என்பதை அந்த இடத்திலிருந்து காண முடியாது.

இவ்விஷயத்தில் ஜெர்மனியில் வாழும் துருக்கியரின் சரித்திரம் நமக்கு நல்ல பாடமாகும். யுத்தத்தில் இடிந்துபோன தேசத்தை மீண்டும் கட்டுவதற்கு ஆள் போதாமல், மேற்கு ஜெர்மனி 1961 அக்டோபர் 30-ஆம் தேதி துருக்கியுடன் ஓர் உடன்படிக்கை செய்துகொண்டது. ஏதோ சில வருஷங்கள் உழைத்துப் பொருள் சேர்த்துத் திரும்பிவிடலாம் என்ற எண்ணத்துடன், பல்லும் நெஞ்சும் பரிசோதிக்கப்பட்டு இஸ்தான்புல்லில் ரயிலேறி, மூனிக் நகரத்தின் 11-ஆம் நடைமேடையில் வந்திறங்கிய அந்தத் தொழிலாளர்களை ஜெர்மானியர் 'விருந்தாளித் தொழிலாளர்' என்று அழைத்தனர். விருந்தாளி போய்விடுவார் என்று வீட்டுக்காரரும் நினைத்தார், விருந்தாளியும் நினைத்தார். 1973-இல் ஆள் சேர்ப்பு நிறுத்தப்பட்டபோது, வெளியே போனால் மறுபடி உள்ளே வர முடியாது என்று அஞ்சியே பலர் தங்கிவிட்டனர். மனைவி மக்களை வரவழைத்தனர். இன்று துருக்கி வழிவந்தவர்கள் அந்நாட்டில் ஏறத்தாழ 30 இலட்சம் பேர்.

அவர்களைப் பற்றிய படங்களை முதலில் எடுத்தவர்கள் பெரும்பாலும் ஜெர்மானியரே. அவர்களும் நல்லெண்ணத்துடன்தான் எடுத்தனர். ஹெல்மா சாண்டர்ஸ் என்ற பெண் இயக்குநர் 1976-இல் எடுத்த 'ஷிரினின் திருமணம்', துருக்கிப் பெண்ணொருத்தி ஜெர்மனிக்கு வந்து சீரழிந்து மாண்டுபோவதைக் காட்டியது. துருக்கியிலிருந்தே சென்ற தெவ்ஃபிக் பாஷெர்கூட 1986-இல் எடுத்த தம் முதற்படத்தில், கணவனால் ஹாம்பர்க் நகரத்து வீடொன்றில் பூட்டிவைக்கப்பட்ட பெண்ணைத்தான் காட்டினார். பரிதாபம் என்னும் உணர்ச்சி உயர்ந்ததுதான். ஆனால் ஒரு சமூகத்தைப் பற்றி இருபது வருஷங்களாகப் பரிதாபத்தைத் தவிர வேறொன்றும் திரையில் தோன்றாவிட்டால், பார்க்கிறவர்களுக்கு அந்த ஜனங்கள் பரிதாபத்துக்கென்றே பிறந்தவர்களாகத் தோன்றிவிடுவர்.

இந்த நிலைமையை மாற்றியவர்களுள் முதன்மையானவர் ஃபாத்தி அகின். ஆள் சேர்ப்பு நின்ற அதே 1973-இல், துருக்கிப் பெற்றோருக்கு ஹாம்பர்க் நகரத்தில் பிறந்தவர் அவர். அங்குள்ள அரசுக் கலைக் கல்லூரியில் பயின்று, 1998-இல் தம் முதல் முழுநீளப் படத்தை வெளியிட்டார். அதில் மூன்று நண்பர்கள்: ஒருவன் துருக்கியன், ஒருவன் கிரேக்கன், ஒருவன் செர்பியன், மூவரும் ஹாம்பர்க் தெருப்பிள்ளைகள். அழுது புலம்பும் அந்நியர்களாக இன்றி, தப்புத் தண்டா செய்து, காதலித்து, சண்டையிட்டு, 'இது எங்கள் ஊர்' என்று தயக்கமின்றி நடமாடும் மனிதர்களாக அவர்கள் திரையில் வந்தனர். 2004-இல் பெர்லின் திரைப்பட விழாவில் தங்கக் கரடி விருதை வென்ற 'சுவரில் மோதி' என்ற படத்தின் நாயகனுக்குத் துருக்கி மொழி சரியாகப் பேச வராது; நாயகியோ, தன் குடும்பத்தின் கட்டுப்பாட்டிலிருந்து தப்புவதற்காக, துருக்கியன் என்ற ஒரே காரணத்துக்காக அவனைப் பொய்க் கல்யாணம் செய்துகொள்கிறாள். ஜெர்மானியர் குற்றம், துருக்கியர் குற்றம் என்று கணக்குப் பார்க்காமல் இரு தரப்பையும் உள்ளிருந்து விசாரிக்கும் அத்தகைய துணிவு, விருந்தாளிக்கும் இராது, வீட்டுக்காரருக்கும் இராது. வீட்டிலே பிறந்த பிள்ளைக்கு மட்டுமே அது வாய்க்கும்.

அவருடைய 2007-ஆம் ஆண்டுப் படமொன்றில் ஒரு காட்சி உண்டு. ஜெர்மனியில் மாண்ட துருக்கிப் பெண்ணின் சவப்பெட்டி இஸ்தான்புல் விமான நிலையத்தில் இறக்கப்படுகிறது. படத்தின் பிற்பகுதியில், துருக்கியில் மாண்ட ஜெர்மானியப் பெண்ணின் சவப்பெட்டி அதேபோல விமானத்தில் ஏற்றப்படுகிறது. வசனம் ஒன்றும் இல்லை. இரு தேசங்களுக்கு நடுவே போகிறவர்கள் தொழிலாளிகள் மட்டும் அல்லர், துக்கமும் இரு திசையிலும் பிரயாணம் செய்கிறது என்பதைச் சொல்ல அதற்குமேல் என்ன வேண்டும்? தம் சொந்தப் பெற்றோரையும் உறவினரையும் வைத்து அவர் எடுத்த ஆவணப்படத்தின் பெயர் 'நாங்கள் திரும்பிப்போக மறந்துவிட்டோம்' என்பது. தகப்பனைக் காமிராவின் முன் உட்காரவைத்து, 'ஏன் திரும்பவில்லை?' என்று கேட்கும் உரிமை மகனுக்கு உண்டு. அயலார் கேட்டால் அதே கேள்வி அவமரியாதையாகிவிடும்.

ஜெர்மனியின் கதையும் நம் கதையும் ஒன்றல்ல என்பதை நான் மறக்கவில்லை. அங்கே போனவர்கள் கூலிக்கு அழைக்கப்பட்டவர்கள். இங்கே வந்தவர்கள் உயிருக்குத் தப்பி ஓடிவந்தவர்கள். மற்றொரு பேதம் இதைவிட நுட்பமானது. துருக்கியர் அந்நிய மொழியினர் ஆதலால், தங்களுக்கு அவர்களைத் தெரியாது என்பதாவது ஜெர்மானியருக்குத் தெரிந்திருந்தது. நமக்கோ அந்த அடக்கம் கூட வாய்க்கவில்லை. ஒரே மொழி, ஒரே தெய்வம், தொப்புள்கொடி உறவு என்று மேடைதோறும் முழங்கி முழங்கி, அவர்களைப் பற்றி நாம் அறியாதது ஒன்றுமில்லை என்ற நினைப்பு நமக்கு வந்துவிட்டது. உறவு கொண்டாடுகிற உரிமையினாலேயே அவர்களைக் கேளாமல் அவர்கள் கதையை நாமே சொல்லிவிடுகிறோம். அந்நியரைப் பற்றிய அறியாமையைக் காட்டிலும், உறவினரைப் பற்றிய அறியாமை நெடுங்காலம் நீடிப்பது. ஏனென்றால் அதைப் போக்க வேண்டும் என்ற எண்ணமே ஒருவருக்கும் எழுவதில்லை.

கும்மிடிப்பூண்டிப் பக்கத்தில் முகாம்வாசிகளின் கல்யாணம் ஒன்றுக்குப் போயிருந்தேன். வீடியோ எடுத்தவன் முகாமிலேயே பிறந்த பையன். வாரநாட்களில் சென்னையின் அடுக்குமாடிக் கட்டடங்களில் கயிற்றில் தொங்கிப் பெயிண்ட் அடிக்கிறவன், முகூர்த்த நாட்களில் காமிராவைத் தூக்குகிறவன். தாலி கட்டி முடிந்து, எல்லோரும் கைப்பேசியில் டொரொண்டோவுக்கும் பாரிஸுக்கும் மணமக்களைக் காட்டிக்கொண்டிருந்த வேளையில், அவன் மாத்திரம் காமிராவை மூலையில் வரிசையாக உட்கார்ந்திருந்த கிழவிகளிடம் கொண்டுபோனான்.

"அம்மம்மா, நீங்கள் வந்த வள்ளத்தைப் பற்றிச் சொல்லுங்கோ."

"என்னத்தைச் சொல்ல? ஒரே இருட்டு. பிள்ளை அழுதிடக் கூடாதெண்டு வாயைப் பொத்திக்கொண்டு வந்தன். விடியப்புறமா ஓட்டி எங்களை இறக்கிவிட்டு, இதுதான் இந்தியா எண்டு சொல்லிப்போட்டுப் போயிட்டான். வெளிச்சம் வந்தாப் பிறகு பார்த்தா நாலு பக்கமும் கடல், நடுவில ஒரு மணல்திட்டு. இந்தியா இவ்வளவு சின்னனோ எண்டு நினைச்சன்!"

கிழவிகள் எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தனர். தனுஷ்கோடிக்கு அப்பால் உள்ள திட்டுகளில் படகோட்டிகளால் இறக்கிவிடப்பட்டு, மீனவரோ கடற்படையினரோ வந்து மீட்கும் வரையில் காத்துக் கிடந்த குடும்பங்களைப் பற்றிப் பத்திரிகைகளில் நாம் எவ்வளவோ படித்திருக்கிறோம். அதில் இப்படி ஒரு ஹாஸ்யம் இருக்கக்கூடும் என்று எந்தக் கதாசிரியருக்குத் தோன்றியிருக்கிறது? பையன் காமிராவை மூடிவிட்டு என் பக்கம் திரும்பி, சுத்தமான சென்னைத் தமிழில், "இது ஆல்பத்துக்கு இல்ல சார், சும்மா எனக்கு. இதெல்லாம் யாரு பாக்கப்போறாங்க?" என்றான். பாட்டியிடம் ஒரு தமிழ், என்னிடம் ஒரு தமிழ். இரண்டும் அவனுக்குத் தாய்மொழிதான். எந்தத் தமிழில் எப்போது பேசுவது என்று ஒவ்வொரு நாளும் தீர்மானித்தே வாழ்கிற ஒரு தலைமுறையின் அநுபவத்தை, ஒரே தமிழ் பேசி வளர்ந்த நம்மால் எப்படி எழுதவோ எடுக்கவோ முடியும்?

இங்கே ஓர் ஆட்சேபம் எழும். கலைஞன் தான் அநுபவித்ததை மட்டுமே சொல்ல வேண்டும் என்றால் இலக்கியமே இல்லாது போகாதா? தமிழே அறியாத பிரெஞ்சு இயக்குநர் ழாக் ஓதியார், ஈழ அகதிகள் மூவர் பாரிஸில் பொய்க் குடும்பமாக வாழ்வதைக் காட்டும் 'தீபன்' படத்தை எடுத்து, 2015-இல் கான் விழாவின் உயரிய விருதைப் பெறவில்லையா? பெற்றார். ஆனால் அந்தப் படத்தின் உயிர்நாடி, அதில் நாயகனாக நடித்த எழுத்தாளர் ஷோபாசக்தி. சிறுவயதில் புலிகள் இயக்கத்தில் இருந்து, பின் விலகி, பிரான்ஸில் அகதியாகத் தஞ்சம் புகுந்தவர் அவர். அவருடைய உடம்பும் மௌனமும் இன்றி அப்படம் நிற்காது. லீனா மணிமேகலை தனுஷ்கோடிக் கரையில் எடுத்த 'செங்கடல்' படத்திலும் ஷோபாசக்தியின் பங்கு உண்டு. அந்தப் படத்துக்குத் தணிக்கைக் குழு முதலில் அனுமதி மறுக்க, 2011-இல் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயமே அனுமதி அளித்தது. பிறர் எடுக்கக் கூடாது என்பதன்று என் வாதம். பிறர் மட்டுமே எடுத்துக்கொண்டிருப்பது ஆகாது என்பதே.

ஒரே யுத்தத்துக்குத் தப்பியவர்களில் கனடாவுக்குச் சென்றோரிடையே லெனின் எம். சிவம் போன்ற இயக்குநர்கள் தோன்றி, '1999' முதலிய படங்களை எடுத்துள்ளனர். டொரொண்டோவின் பனியில் முளைத்தது கும்மிடிப்பூண்டி மண்ணில் ஏன் முளைக்கவில்லை? கோடம்பாக்கத்துக்கும் கும்மிடிப்பூண்டிக்கும் இடையே ஐம்பது, அறுபது கிலோமீட்டருக்கு மேல் இராது. முகாமில் பிறந்து வளர்ந்த ஓர் இயக்குநரின் பெயரை நம்மில் எத்தனை பேரால் சொல்ல முடியும்? குறை திறமையில் இல்லை. கால் ஊன்றி நிற்பதற்கு நிலம் இல்லாமையில் இருக்கிறது.

சட்டத்தைப் பாருங்கள். 1987 ஜூலை முதல் தேதிக்கு முன் இந்திய மண்ணில் பிறந்தவர், பிறப்பினாலேயே இந்தியப் பிரஜை. அதனால்தான் 1986-இல் மண்டபம் முகாமில் பிறந்த பெண்ணொருவர், நீதிமன்றத்தின் படியேறி உரிமையை நிலைநாட்டி, 2024 மக்களவைத் தேர்தலில் வாக்களித்தார். அத்தேதிக்குப் பின் பிறந்தவருக்குப் பெற்றோரில் ஒருவராவது இந்தியப் பிரஜையாக இருக்க வேண்டும். 2004 டிசம்பர் முதல், பெற்றோரில் ஒருவர் சட்டவிரோதமாகக் குடியேறியவர் என்று கருதப்பட்டாலே போதும், பிள்ளைக்கு உரிமை கிடையாது. 2019-ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம் பாகிஸ்தான், வங்கதேசம், ஆப்கானிஸ்தான் என்ற மூன்று தேசங்களைச் சொல்லி இலங்கையை விட்டுவிட்டது. 2025 செப்டம்பரில், 2015 ஜனவரி 9-ஆம் தேதிக்குள் வந்து பதிவு செய்துகொண்ட இலங்கைத் தமிழர்க்குத் தண்டனைப் பிரிவுகளிலிருந்து மத்திய அரசு விலக்கு அளித்தது. நல்ல காரியமே, ஆயினும் தண்டனையிலிருந்து விலக்கு வேறு, பிரஜா உரிமை வேறு. கும்மிடிப்பூண்டியிலேயே பிறந்து, தமிழ்நாட்டுப் பாடப்புத்தகமே படித்து வளர்ந்த பையன் ஒரு குறும்படம் எடுத்து, அதற்கு பெர்லினிலிருந்து அழைப்பு வந்தாலும், போவதற்கு அவனிடம் பாஸ்போர்ட் இல்லை.

மாநில அரசு செய்தது ஒன்றுமில்லை என்று சொல்ல மாட்டேன். 2021 ஆகஸ்டில் 317 கோடி ரூபாய்த் திட்டம் அறிவித்து, 7,469 வீடுகளைப் புதிதாகக் கட்ட முனைந்து, 'அகதிகள் முகாம்' என்றிருந்ததை 'மறுவாழ்வு முகாம்' என்று மாற்றியது. பத்துக்குப் பத்து அறைகளில் மூன்று தலைமுறை நெருங்கிக் கிடந்ததை நேரில் பார்த்தவர்கள் அந்த வீடுகளின் அருமையை அறிவர். ஆனால் வீட்டோடு மறுவாழ்வு பூர்த்தியாகிவிடுவதில்லை. ஜெர்மனி இயல்பாகத் தயாள குணம் படைத்த தேசமன்று. 1993-இல் சோலிங்கன் நகரில் துருக்கிக் குடும்பமொன்றின் வீட்டுக்குத் தீ வைத்து பெண்களும் சிறுமிகளுமாக ஐந்து பேரைக் கொன்ற கொடுமை அங்கேதான் நடந்தது. அத்தகைய தேசமும் 2000 ஜனவரி முதல், நெடுங்காலம் தங்கிய அந்நியருக்குத் தன் மண்ணில் பிறந்த பிள்ளைகளைப் பிரஜைகளாக ஏற்றுக்கொண்டது. அரசுக் கலைக் கல்லூரி அகினுக்கு இடம் கொடுத்தது. அந்நாட்டின் பொதுத் தொலைக்காட்சி, புதிய இயக்குநர்களுக்கென்றே ஒரு பிரிவு வைத்து, குடியேறிகளின் பிள்ளைகள் பலருடைய ஆரம்பப் படங்களுக்குப் பணம் கொடுத்தது. மேதைகள் வானத்திலிருந்து குதிப்பதில்லை.

ஆகையால் நான் கேட்பவை இரண்டு. முதலாவது, இந்த மண்ணில் பிறந்த முகாம் பிள்ளைகளுக்குப் பிரஜா உரிமை கிடைக்க மத்திய அரசு சட்டத்தைத் திருத்த வேண்டும். தமிழகக் கட்சிகள் இதைத் தேர்தல் கால வாக்குறுதியாக வைத்துக்கொள்ளாமல், நாடாளுமன்றத்தில் ஒருமுகமாக நின்று கேட்க வேண்டும். இரண்டாவது, இதற்கு டெல்லியின் அனுமதியை எதிர்பார்த்துக் காத்திருக்க வேண்டியதில்லை: தரமணியிலுள்ள எம்.ஜி.ஆர். அரசு திரைப்படப் பயிற்சி நிறுவனத்தில் ஆண்டுதோறும் முகாம் மாணவருக்குச் சில இடங்களைக் கட்டணமின்றி ஒதுக்கட்டும். அவர்கள் எடுக்கும் முதற்படத்துக்கு மானியம் தரட்டும். கோடிக்கணக்கில் செலவாகும் ஒரு பாடல் காட்சியின் செலவில் பத்துப் பேர் படித்துவிடலாம்.

தாமதித்தால் என்ன ஆகும் என்பதற்கும் சென்னையிலேயே சாட்சி இருக்கிறது. 1960-களில் பர்மாவிலிருந்து உடைமை இழந்து கப்பலேறி வந்த தமிழர், வியாசர்பாடியிலும் வடசென்னையின் பிற இடங்களிலும் குடியேறினர். அவர்கள் கொண்டுவந்த அத்தோவை நாம் இன்றும் பர்மா பஜார் ஓரத்தில் ருசித்துச் சாப்பிடுகிறோம். ரங்கூன் வாழ்வையும் கப்பல் பிரயாணத்தையும் ஞாபகம் வைத்திருந்த அந்தத் தலைமுறையோ பெரும்பாலும் மறைந்துவிட்டது. அவர்களுடைய பிள்ளைகள் கையில் எவரும் காமிராவைக் கொடுக்கவில்லை. சமையல் தங்கிவிட்டது, சரித்திரம் போய்விட்டது.

சோழவரம் வட்டாரத்துச் செங்கல் சூளைகளிலும் செங்குன்றத்து அரிசி ஆலைகளிலும் கும்மிடிப்பூண்டி சிப்காட்டிலும் இன்று ஒடிசாவிலிருந்தும் பீகாரிலிருந்தும் வந்த தொழிலாளர் உழைக்கின்றனர். அவர்களில் சிலருடைய குழந்தைகள் எங்கள் அரசுப் பள்ளிகளில் 'அ, ஆ' எழுதுகின்றன. அவர்களும் சில வருஷங்களில் திரும்பிவிடலாம் என்ற எண்ணத்துடனேயே வந்தவர்கள். அந்தக் குழந்தைகளில் ஒன்று ஒரு நாள் நம்மைத் தமிழிலேயே படமெடுத்துக் காட்டும். அதில் நாம் எப்படித் தோன்றுவோம் என்பதை இப்போது நாம் நடந்துகொள்ளும் விதமே தீர்மானிக்கும். ஈழத்துப் பிள்ளைகள் விஷயத்திலோ அந்தப் படம் ஏற்கெனவே முப்பது வருஷம் தாமதமாகிவிட்டது. அது வெளிவரும்போது நமக்கு அதில் புகழ்ச்சி இராது, சில காட்சிகளில் நாம் தலைகுனியவும் நேரும். அப்படிப்பட்ட படத்தையும் டிக்கெட் வாங்கிப் பார்க்க நாம் தயாரானால் மாத்திரமே, தொப்புள்கொடி உறவு என்று மேடையில் முழங்குவதற்கு நமக்கு யோக்கியதை உண்டு.